நெல் குறைந்த நீர்வள நாடு
(திருவனந்தபுரத்தில் மாணவர்களும் அரசு அலுவலர்களும் கூடிய அவையில் நிகழ்த்தப்பெற்ற உரை)

அகத்திய மலையின் சிகரம் கடல் மட்டத்திற்கு மேல் 1,868 மீட்டர் உயரமுடையது. அதன் மேற்குச் சரிவில் பிறக்கும் நெய்யாறு 56 கிலோ மீட்டர் தூரமே ஓடிப் பூவாற்றுக்கு அருகில் அரபிக்கடலை அடைந்துவிடுகிறது. அதே மலைத் தொகுதியின் கிழக்குப் பக்கத்தில் தோன்றும் தாமிரபரணியோ, திருநெல்வேலிச் சீமையின் ஊடே ஏறத்தாழ 125 கிலோ மீட்டர் நடந்து, வழியெல்லாம் அணைகளையும் கால்வாய்களையும் வயல்களையும் வளர்த்துவிட்டு மன்னார் வளைகுடாவில் கலக்கிறது. மேற்கே மழை மிகுதி. கிழக்கே மழை குறைவு. ஆயினும் நெல் குவிந்தது கிழக்கேதான். இந்த ஒரு முரண்பாட்டைப் புரிந்துகொண்டால், திருவிதாங்கூர் என்று வழங்கிய பழைய நாட்டின் வரலாற்றில் பாதி விளங்கிவிடும் என்று கூறுவது மிகையாகாது.

வெப்ப மண்டல நாடுகளைப் பற்றி எழுதும் நூல்களில், இயற்கை அங்கே அள்ளிக் கொடுக்கிறது என்றும், அதனால் மக்கள் உழைக்க வேண்டிய தேவை குறைவு என்றும் ஒரு கருத்து நெடுநாளாக ஓதப்பட்டு வந்தது. கேரளத்தின் தென்கோடியைப் பார்த்த மேனாட்டுப் பயணிகள் பலரும் இதையே எழுதிச் சென்றனர். தென்னையின் நிழலும் காயலின் நீரும் அவர்கள் கண்ணை நிறைத்தன. அந்த நிழலில் வாழ்ந்த குடும்பம் மாலையில் எதைச் சமைத்தது என்று கேட்டவர்கள் மிகச் சிலரே. அக்கேள்விக்கு விடை காண நிலத்திலிருந்துதான் தொடங்க வேண்டும்.

நிலத்தின் அமைப்பு

கேரள மாநிலத்தின் பரப்பு 38,863 சதுர கிலோ மீட்டர். இந்தியாவின் நிலப்பரப்பில் ஒரு சதவிகிதத்தைச் சற்றே தாண்டும். மாநிலத்தின் 44 ஆறுகளில் 41 மேற்கு நோக்கிப் பாய்கின்றன. மலைநாடு, இடைநாடு, கரைநாடு என்று மூன்று நீண்ட பட்டைகளாக நிலம் வடக்குத் தெற்காகக் கிடக்கிறது. தெற்கே வர வர இப்பட்டைகள் ஒடுங்குகின்றன. திருவனந்தபுரத்தில் மலைக்கும் கடலுக்கும் இடையே அகன்ற சமவெளி என்று சொல்லத்தக்கது ஏதுமில்லை. கரமனையாறு 68 கிலோ மீட்டரும் வாமனபுரம் ஆறு 88 கிலோ மீட்டரும் ஓடுகின்றன. இவ்வளவு குறுகிய ஆறுகள் அகன்ற வண்டல் வெளியை உண்டாக்க வழியில்லை.

மழையிலும் ஒரு படிவரிசை உண்டு. வடகேரளத்தில் ஆண்டு மழை 3,000 மில்லி மீட்டரைத் தாண்டும். திருவனந்தபுரத்தில் அது ஏறத்தாழ 1,800 மில்லி மீட்டர். ஆரல்வாய்மொழிக் கணவாயை நெருங்கும்போது இன்னும் குறைகிறது. கன்னியாகுமரி முனையில் கேரளத்தின் பசுமை மெல்ல மங்கிப் பனையும் செம்மண் தேரியும் தலைகாட்டுகின்றன. ஆனால் தென்கோடிக்குத் தென்மேற்குப் பருவமழையும் வடகிழக்குப் பருவமழையும் ஆகிய இரண்டுமே கிடைக்கின்றன.

இடைநாட்டில் வெட்டுக்கல் எனப்படும் செம்புரைப் பாறை பரவிய குன்றுகளும் அவற்றுக்கிடையே விரல்களைப்போல நீளும் பள்ளங்களும் மாறி மாறி வருகின்றன. இப்பள்ளங்களில்தான் நெல் விளையும். அவற்றுக்கு ஏலா என்று பெயர். ஏலாவின் அகலம் பல இடங்களில் ஒரு கூப்பிடு தூரம்கூட இராது. திருவிதாங்கூரின் வருவாய்ப் பதிவேடுகளில் ‘நிலம்’ என்றால் நெல் விளையும் வயல் மட்டுமே. குன்றுச் சரிவில் தென்னையும் பலாவும் மிளகுக் கொடியும் வீடும் கிணறும் உள்ள இடம் எல்லாம் ‘புரயிடம்’. தமிழ்நாட்டு அலுவலர் நஞ்சை, புஞ்சை என்று இரண்டையும் நிலமாகவே எண்ணுவார். இங்கோ வயலைத் தவிர மற்றது நிலமே அன்று! அரிதாக இருந்த பொருளுக்கே அந்தப் பெயரை ஒதுக்கி வைத்தார்கள் போலும்.

கிணறும் குடியிருப்பும்

நாகர்கோவிலிலிருந்து திருவனந்தபுரத்திற்குச் சாலை வழியாக வருபவர் ஒரு மாற்றத்தைக் காணாமலிருக்க முடியாது. நாஞ்சில் நாட்டின் ஊர்கள் தெருத் தெருவாக அமைந்தவை. வீடுகள் சுவரோடு சுவர் ஒட்டி நிற்க, ஊருக்கு வெளியே வயல்கள் விரிகின்றன. ஊருக்கு ஒரு குளம். குளத்திற்கு ஒரு மடை. மடையைத் திறக்கவும் அடைக்கவும் ஊராரின் ஒப்புதல் வேண்டும். குழித்துறையைக் கடந்து மேற்கே செல்லச் செல்ல ஊர் என்பது கரைந்து போகிறது. ஒவ்வொரு வீடும் தன் புரயிடத்தின் நடுவே தனித்து நிற்கிறது. ஓர் ஊர் எங்கே முடிந்தது, அடுத்தது எங்கே தொடங்கியது என்று சொல்ல இயலாது.

இதற்கு மக்களின் மனப்பான்மையைக் காரணம் காட்டுவோர் உண்டு. எளிய காரணம் வேறு. மழை மிகுந்த இடைநாட்டில் எந்தப் புரயிடத்தில் தோண்டினாலும் குடிநீர் ஊறும். ஆகவே யாரும் யாரையும் நம்பி வாழ வேண்டிய கட்டாயமில்லை. இந்தியாவில் திறந்த கிணறுகள் மிக நெருக்கமாக உள்ள மாநிலம் கேரளமே. நீர் ஓரிடத்தில் மட்டும் தேங்கி நிற்கும் நாட்டில் மக்களும் அங்கே கூடுவார்கள். நீர் எங்கும் உள்ள நாட்டில் மக்களும் எங்கும் பரவுவார்கள்.

இச்சிதறிய குடியிருப்பின் விளைவுகள் பொருளியல் மாணவர்களின் கவனத்திற்குரியவை. சாலை ஒன்று போட்டால் அதன் இருமருங்கிலும் தொடர்ச்சியாக வீடுகள் இருக்கும். பள்ளியோ மருந்தகமோ எங்கே கட்டினாலும் நடை தூரத்தில் ஆயிரக்கணக்கான மக்கள் இருப்பார்கள். 1817-இல் இராணி கௌரி பார்வதி பாய் கல்விச் செலவை அரசே ஏற்க வேண்டும் என்று ஆணை பிறப்பித்தார். அக்காலத்தில் ஓர் அரசு அவ்வாறு அறிவித்தது பெரிய செய்தி. ஆனால் ஆணையை ஊரூராகக் கொண்டு செல்ல இந்தக் குடியிருப்பு அமைப்பு எவ்வளவு உதவியது என்பது போதிய அளவு பேசப்படுவதில்லை. மறுபுறம், இவ்வமைப்புக்குப் பொதுக் குடிநீர்க் குழாயும் கழிவுநீர் வடிகாலும் அமைப்பது மிகுந்த செலவு பிடிக்கும் காரியம். அந்தச் செலவைப் பிற்காலத்தவர் ஏற்க வேண்டியதாயிற்று.

நெல்லைத் தேடிய அரசுகள்

தென்கோடியின் பழைய அரசு ஆய் அரசு. தாலமி கி.பி. இரண்டாம் நூற்றாண்டில் இந்நாட்டைக் குறிப்பிடுகிறார். பொதிய மலையைச் சார்ந்திருந்த இவ்வரசு ஒன்பதாம் நூற்றாண்டில் விழிஞத்தைத் தலைநகராகக் கொண்டிருந்தது. கோக்கருநந்தடக்கன் என்ற ஆய் மன்னன் கி.பி. 866-இல் வெளியிட்ட செப்பேடு ஒன்று பார்த்திவசேகரபுரத்தில் ஒரு திருமால் கோயிலும், 95 மாணவர்கள் தங்கிப் பயிலும் சாலையும் நிறுவப்பட்டதைக் கூறுகிறது. காந்தளூர்ச் சாலையின் முறைமையைப் பின்பற்றி அது அமைந்தது. இதில் கவனிக்கத்தக்க செய்தி ஒன்று உண்டு. கோயிலுக்கு வேண்டிய இடத்தை மன்னன் முஞ்சிறைச் சபையாரிடமிருந்து பெற்றபோது, அதற்கு ஈடாக வேறு நிலத்தைக் கொடுத்தே பெற்றான். மன்னனாயினும் மண்ணை மாற்று நிலம் கொடுத்தே வாங்க வேண்டியிருந்தது என்பது அந்நாளில் அதன் மதிப்பைக் காட்டும்.

காந்தளூர், திருவனந்தபுரம் நகரிலுள்ள வலியசாலையே என்பது ஆய்வாளர் பலரின் கருத்து. முதலாம் இராஜராஜனின் கல்வெட்டுகளில் வரும் காந்தளூர்ச் சாலைத் தொடரின் பொருள் பற்றி அறிஞர்களிடையே நெடிய விவாதம் நிகழ்ந்துள்ளது. நாஞ்சில் நாட்டுத் தேரூரில் பிறந்த கவிமணி தேசிகவிநாயகம் பிள்ளையும் அதில் பங்கு கொண்டார். அவ்விவாதத்திற்குள் புகாமலே ஒன்றைச் சொல்லலாம். பாண்டியரும் சோழரும் வேணாட்டு அரசரும் மாறி மாறிப் போரிட்டது, நாஞ்சில் நாட்டின் வயலுக்காகவும் விழிஞத்தின் துறைமுகத்திற்காகவும் ஆகும். ஒன்று சோறு, மற்றொன்று பொருள். இரண்டும் கையிலிருந்தாலன்றி இந்நாட்டில் எந்த அரசும் நிலைக்க இயலவில்லை.

நாஞ்சில் நாடு என்பது தோவாளை, அகஸ்தீஸ்வரம் வட்டங்களைச் சார்ந்த வயல்வெளி. பழையாறும், பாண்டியன் அணையிலிருந்து அதற்குத் திருப்பப்பட்ட மலைநீரும், நூற்றுக்கணக்கான குளங்களும் சேர்ந்து அதை வளர்த்தன. திருவிதாங்கூரின் நெற்களஞ்சியம் என்று அது பெயர் பெற்றது. மார்த்தாண்ட வர்மர் 1729-இல் அரியணை ஏறியபோது தலைநகர் பத்மநாபபுரத்தில், அதாவது இவ்வயல்களுக்கு அருகிலேயே இருந்தது. 1741-இல் குளச்சலில் டச்சுக்காரரை வென்ற பின் அவர் வடக்கே நாடு பிடித்தார். மிளகு வாணிபத்தை அரசின் தனியுரிமை ஆக்கினார். மிளகு விற்ற பணம் படைக்கும் கோட்டைக்கும் சென்றது. அவருக்குப் பின் வந்த கார்த்திகைத் திருநாள் இராமவர்மர் காலத்தில், 1795-இல், தலைநகர் திருவனந்தபுரத்திற்கு மாறியது. வடக்கே வளர்ந்துவிட்ட நாட்டை ஆளப் புதிய இடம் வசதியாயிருந்தது. ஆனால் அரசு அமர்ந்த இடமும் நெல் விளைந்த இடமும் அன்று முதல் பிரிந்தன. திவான் இராஜா கேசவதாசர் திருவனந்தபுரத்தில் சாலைக் கடைத்தெருவை நிறுவியதன் பின்னணி இதுவே. நாஞ்சில் நாட்டு நெல்லும் திருநெல்வேலிச் சரக்கும் வண்டி வண்டியாக அங்கே வந்து இறங்கின. தமிழ் வணிகர் குடியேறினர். தோவாளைப் பூவும் நாஞ்சில் நாட்டு வாழைத்தாரும் அக்கடைத்தெருவை இன்றும் நாள் தவறாமல் தேடி வருகின்றன.

வயல் அரிதாகவும் விலை மிக்கதாகவும் இருந்த இடத்தில் அதன் உரிமை பற்றிய வழக்குகளும் மிகும். நாஞ்சில் நாட்டு வேளாளரிடையே மருமக்கள் வழி வாரிசு முறை வழங்கி வந்தது. உழுது பாடுபட்டவனின் சொத்து மகனுக்குப் போகாமல் சகோதரியின் மகனுக்குப் போயிற்று. மனைவியும் மக்களும் வழக்கு மன்றத்தின் படிகளில் ஏறி இறங்கினர். கவிமணி இக்கொடுமையை நகைச்சுவையோடு பாடிய ‘நாஞ்சில் நாட்டு மருமக்கள் வழி மான்மியம்’ சீர்திருத்தத்திற்குத் துணை நின்றது. 1926-இல் நாஞ்சில் நாட்டு வேளாளர் சட்டம் நிறைவேறியது.

தென்னை வளர்ந்தது, வயல் வளரவில்லை

பத்தொன்பதாம் நூற்றாண்டின் இடையில் நிகழ்ந்த ஒரு மாறுதல் அதன் பின் வந்த அனைத்திற்கும் அடிப்படையாயிற்று. திவான் மாதவராவ் காலத்தில், 1865-இல், பட்டப் பிரகடனம் வெளியாயிற்று. அரசுக்குச் சொந்தமான நிலங்களில் பட்டத்திற்கு உழுத குடிகளுக்கு அந்நிலத்தின் உரிமையும், அதை விற்கவும் அடகு வைக்கவும் தடையற்ற அதிகாரமும் அளிக்கப்பட்டன. தனக்கென்று ஆன மண்ணில் மனிதன் மரம் நடுவான்; பிறர் மண்ணில் ஒரு போகத்துப் பயிரை மட்டுமே போடுவான். திருவிதாங்கூரின் குன்றுகள் மளமளவென்று தென்னந்தோப்புகளாயின. கயிறும் கொப்பரையும் கடல் கடந்து சென்றன. கையில் பணம் புழங்கியது.

அதே காலத்தில் மக்கள் தொகையும் பெருகியது. 1875-இல் எடுக்கப்பட்ட கணக்கின்படி திருவிதாங்கூர் மக்கள் 23 இலட்சத்து 11 ஆயிரத்திற்குச் சற்று மேல். 1931-இல் 50 இலட்சத்து 96 ஆயிரம். 1941-இல் 60 இலட்சத்து 70 ஆயிரம். அறுபத்தாறு ஆண்டுகளில் இரண்டரை மடங்குக்கு மேல்! ஏலாக்கள் பெருகவில்லை, பெருகவும் முடியாது. பள்ளத்தாக்கின் அகலத்தை எந்தத் திவானும் கூட்ட இயலாது.

அரசு செய்யக்கூடியவற்றைச் செய்யாமலில்லை. கோதையாற்றின் குறுக்கே பேச்சிப்பாறை அணை மூலம் திருநாள் மகாராஜா காலத்தில் பொறியாளர் மிஞ்சினின் மேற்பார்வையில் கட்டப்பட்டு 1906-இல் முடிந்தது. நாஞ்சில் நாட்டு வயல்களுக்கு நீர் உறுதியாயிற்று. போக்குவரத்திலும் பெரும் முயற்சிகள் நடந்தன. 1820-களில் வெட்டப்பட்ட பார்வதி புத்தனாறு திருவனந்தபுரத்தைக் கடினங்குளம் காயலுடன் இணைத்தது. வர்க்கலையில் செங்குத்தான செம்பாறைக் குன்று நீர்வழியை மறித்து நின்றது. அதைக் குடைந்து இரண்டு சுரங்கங்கள் அமைக்கப்பட்டன. முதலாவது 1877-லும் இரண்டாவது 1880-லும் திறக்கப்பட்டன. அதன் பின் தலைநகரிலிருந்து வடக்கே காயல் வழியாகவே வள்ளங்களில் செல்ல முடிந்தது. தெற்கே கன்னியாகுமரி வரை வெட்டக் கருதிய அனந்த விக்டோரியா மார்த்தாண்டன் கால்வாய் மட்டும் முற்றுப்பெறாமலே நின்றுவிட்டது. இது ஒரு சிறு செய்தி போல் தோன்றலாம். ஆனால் நெல்லுள்ள தெற்கோடு அல்ல, கயிறும் கொப்பரையும் உள்ள வடக்கோடுதான் நீர்வழி தலைநகரை இணைத்தது. தெற்கே கன்னியாகுமரிக்கு இரயில் வந்ததும் 1979-இல்தான். வடக்கே கொல்லத்திலிருந்து அது 1918-லேயே திருவனந்தபுரம் வந்துவிட்டது.

எஞ்சிய பசிக்கு இரண்டு வழிகள் திறந்தன. ஒன்று மரவள்ளிக் கிழங்கு. தென் அமெரிக்காவிலிருந்து போர்த்துக்கீசியர் வழியாக வந்த இப்பயிரை 1880 முதல் 1885 வரை ஆண்ட விசாகம் திருநாள் மகாராஜா பரவச் செய்தார். வயல் வேண்டா, குளம் வேண்டா; குன்றுச் சரிவில் குச்சியை ஊன்றினால் போதும். ஏழை வீட்டில் கப்பையும் மீனும் அன்றாட உணவாயின. மற்றொன்று பர்மா அரிசி. தென்னையும் மிளகும் ஏற்றிச் சென்ற பணத்தில் இரங்கூன் அரிசி மூட்டை மூட்டையாக வந்து இறங்கியது. தன் புரயிடத்தில் விளைந்ததை உலகச் சந்தையில் விற்று, உலகச் சந்தையில் உணவை வாங்கும் நாடாகத் திருவிதாங்கூர் மாறியது. பாடநூல்கள் இதனை ஒப்பீட்டு ஆதாயம் என்று புகழும்.

அந்த ஆதாயத்தின் மறுபக்கம் 1942-இல் தெரிந்தது. அவ்வாண்டு மார்ச்சு மாதம் இரங்கூன் ஜப்பானியர் கைக்குப் போயிற்று. அரிசிக் கப்பல் நின்றது. கயிறு வாங்குவோரும் இல்லை. வங்காளப் பஞ்சத்தைப் பற்றி ஏராளமான நூல்கள் உண்டு. அதே ஆண்டுகளில் திருவிதாங்கூரின் கடற்கரையில் பசியாலும் காலராவாலும் மாண்டவர்களைப் பற்றி எழுதியவர் குறைவு. கயிறு திரிக்கும் ஊர்களும் மீனவர் குப்பங்களும் மிகுந்த துன்பத்திற்குள்ளாயின. சொந்தப் புரயிடமும் அதில் நாலு மூடு மரவள்ளியும் உள்ளவன் பிழைத்தான். கூலியை மட்டும் நம்பியிருந்தவன் வீழ்ந்தான். பங்கீட்டு முறை அப்போதுதான் இந்நாட்டில் வேரூன்றியது. மத்திய திருவிதாங்கூரின் விவசாயக் குடும்பங்கள் பல மலபாரின் காடுகளை நோக்கிப் புறப்பட்டதும் அந்த நாள்களில்தான் பெருகியது.

எல்லைக் கோடு

1956 நவம்பர் 1-ஆம் நாள் மொழிவழி மாநிலங்கள் அமைந்தபோது தோவாளை, அகஸ்தீஸ்வரம், கல்குளம், விளவங்கோடு ஆகிய நான்கு வட்டங்கள் சென்னை மாநிலத்தோடு சேர்ந்து கன்னியாகுமரி மாவட்டமாயின. செங்கோட்டையின் ஒரு பகுதியும் தமிழகத்திற்கு வந்தது. மார்ஷல் நேசமணியும் அவரோடு நின்றோரும் நெடுங்காலம் போராடிப் பெற்ற பயன் அது. 1954-இல் துப்பாக்கிச் சூட்டில் உயிரிழந்தோரும் உண்டு. மொழியின் நியாயம் அவர்கள் பக்கம் இருந்தது. ஆனால் பொருளியல் கண்ணோடு நோக்கினால், புதிய கேரளம் தன் பழைய நெற்களஞ்சியத்தை எல்லைக்கு அப்பால் விட்டுவிட்டு உருவாயிற்று என்பதும் உண்மை. பத்மநாபபுரம் அரண்மனை தமிழ்நாட்டு மண்ணில் நிற்க, அதைக் கேரள அரசின் தொல்பொருள் துறை பேணி வருகிறது. அரண்மனைக்கு இவ்வாறு வழி கண்டவர்கள் வாய்க்காலுக்கு வழி காணத் தடுமாறினர். நெய்யாற்றின் இடதுகரைக் கால்வாய் விளவங்கோட்டு வயல்களுக்கும் நீர் தர அமைந்தது. 2004-இல் அந்நீர் நின்றது. 2012-இல் தமிழ்நாடு உச்ச நீதிமன்றத்தை அணுகியது.

நெல்லைப் பொறுத்தவரை கேரளம் 1957-இல் ஏற்பட்ட தென் உணவு மண்டலத்தின் துணையால் சில ஆண்டுகள் மூச்சு விட்டது. ஆந்திர அரிசியும் தஞ்சை அரிசியும் தடையின்றி வந்தன. 1964-இல் மண்டலம் கலைந்து ஒவ்வொரு மாநிலமும் தன் கதவை அடைத்துக்கொண்டபோது நெருக்கடி முற்றியது. ஏறத்தாழ எல்லாக் குடும்பங்களையும் தழுவிய நியாயவிலைக் கடை அமைப்பு கேரளத்தில் அவ்வாண்டு எழுந்தது. பிற மாநிலங்களில் பங்கீடு என்பது நகரத்தாருக்குரிய சலுகையாக இருந்த காலத்தில், இங்கே அது மலையடிவாரத்துக் கூலிக்காரனையும் எட்டியது. அரிசி இல்லாமையே அரிசி வழங்கும் திறமையை வளர்த்தது.

திருவனந்தபுரத்தில் கே.என். ராஜ் தொடங்கிய வளர்ச்சி ஆய்வு மையம், ஐக்கிய நாடுகளுக்காகத் தயாரித்து 1975-இல் வெளிவந்த அறிக்கை, இக்குறைந்த வருமான மாநிலத்தில் எழுத்தறிவும் ஆயுளும் உயர்ந்து பிறப்பு வீதம் குறைந்து வருவதை உலகிற்கு எடுத்துரைத்தது. அந்நாளில் உணவுக் கணக்கு ஒன்று பெரும் புதிராக இருந்தது. தானியத்தை மட்டும் அளந்த புள்ளிவிவரங்களின்படி கேரளத்தார் பெரும்பாலோர் பட்டினி கிடந்திருக்க வேண்டும். மரவள்ளியையும் தேங்காயையும் மீனையும் சேர்த்து எண்ணாத கணக்கு இந்நாட்டிற்குப் பொருந்தாது என்று பி.ஜி.கே. பணிக்கர் போன்றோர் எடுத்துக்காட்டினர். நெல் வயலை மட்டும் நிலம் என்று எழுதிய பதிவேடும், அரிசியை மட்டும் உணவு என்று எண்ணிய புள்ளிவிவரமும் ஒரே வகைப் பிழையைச் செய்தன எனலாம்.

கடற்கரை

கொல்லத்திற்குத் தெற்கே கடல் சீற்றம் மிக்கது. கரை செங்குத்தாக இறங்குகிறது. வடக்கே மரத்தைக் குடைந்த வள்ளங்கள் வழங்க, தெற்கே கட்டுமரமே பெரிதும் பயன்பட்டது. அலையில் கவிழ்ந்தாலும் மூழ்காத கலம் அது. தமிழும் மலையாளமும் கலந்து பேசும் இக்கரை மக்களுக்கு நிலமும் இல்லை, புரயிடமும் இல்லை. எந்தச் சீர்திருத்தமும் கடைசியாகவே இவர்களை வந்தடைந்தது. 2017 நவம்பர் 30-இல் ஒக்கிப் புயல் வீசியபோது திருவனந்தபுரத்து மீனவரும் கன்னியாகுமரி மீனவரும் ஒரே கடலில் மாண்டனர். இழப்பீட்டுக் கணக்கு மட்டும் இரு மாநிலங்களில் தனித்தனியாக எழுதப்பட்டது.

புவியியல் சில வேளைகளில் எதிர்பாராத மதிப்பைப் பெறும். சுவாதித் திருநாள் காலத்தில் 1837-இல் திருவனந்தபுரத்தில் வானாய்வுக் கூடம் அமைந்தது. அதன் தலைவராயிருந்த ஜான் ஆலன் புரௌன், புவி காந்தத்தை அளப்பதற்காக 1855-இல் அகத்திய மலையின் மேலும் ஒரு கூடம் எழுப்பினார். காந்த நடுக்கோடு இப்பக்கமாகச் செல்வதே காரணம். ஒரு நூற்றாண்டு கழித்து அதே காரணத்திற்காகத் தும்பைக் கடற்கரை தேர்ந்தெடுக்கப்பட்டது. மீனவர்கள் தம் தேவாலயத்தையும் வீடுகளையும் விட்டுக் கொடுத்தனர். 1963 நவம்பர் 21-இல் முதல் ராக்கெட் அங்கிருந்து எழுந்தது.

ஆய் அரசரின் விழிஞம் மீண்டும் துறைமுகமாகியுள்ளது. கரைக்கு அருகிலேயே 18 மீட்டருக்கு மேற்பட்ட ஆழம். பன்னாட்டுக் கப்பல் பாதை அண்மையில். 2025 மே 2-இல் அது நாட்டிற்கு அர்ப்பணிக்கப்பட்டது. 2022-இல் அக்கரையின் மீனவர்கள் நீண்ட போராட்டம் நடத்தினர். துறைமுகப் பணியால் கரை அரிக்கப்பட்டு வீடுகள் போகின்றன என்பது அவர்கள் முறையீடு. அரிப்புக்கு வேறு காரணங்களும் உண்டு என்பது மறுதரப்பின் வாதம். காரணம் எதுவாயினும், கடலுக்கு வீட்டை இழந்த குடும்பம் பின்வாங்கிச் செல்ல இடம் இல்லை. 2011-ஆம் ஆண்டுக் கணக்கின்படி இம்மாவட்டத்தில் ஒரு சதுர கிலோ மீட்டருக்கு 1,508 பேர் வாழ்கின்றனர். மாநிலத்திலேயே இதுதான் மிகுதி.

எஞ்சிய வயல்கள்

நெல் தேடி மலபாருக்குச் சென்றவர்களின் பேரப்பிள்ளைகள் வேலை தேடி வளைகுடா நாடுகளுக்குச் சென்றனர். 1998-இல் நடந்த முதல் கேரளப் புலம்பெயர்வு ஆய்வு வெளிநாட்டிலுள்ள கேரளத்தார் 13.6 இலட்சம் என்று கணக்கிட்டது. 2023-இல் அது 22 இலட்சம். தென்னைக்குப் பதிலாக மனிதரின் உழைப்பு ஏற்றுமதியாயிற்று. அப்பணத்தில் கட்டப்பட்ட வீடுகளுக்கு இடம் வேண்டும். குன்றுகள் நிரம்பிய பின் மண் வெட்டப்பட்டு ஏலாக்களில் கொட்டப்பட்டது. கேரளத்தில் 1974-75-இல் ஏறத்தாழ 8.8 இலட்சம் ஹெக்டேராக இருந்த நெற்பரப்பு, அண்மை ஆண்டுகளில் 2 இலட்சம் ஹெக்டேர் அளவிலேயே நிற்கிறது. எல்லைக்கு அப்பால் நாஞ்சில் நாட்டிலும் வயல்கள் வாழைத் தோட்டங்களாகவும் வீட்டு மனைகளாகவும் மாறியுள்ளன.

நெல் வெளியிலிருந்து வரும் நாட்டில் வயல் எதற்கு என்று கேட்கப்படுவதுண்டு. இரண்டு நூற்றாண்டாக வெளியரிசியை உண்ட மக்களுக்கு இக்கேள்வி புதிதன்று. ஆனால் ஏலா, நெல்லை மட்டும் தரவில்லை. குன்றின் மேல் பெய்த மழையைத் தாங்கி, மெல்ல மண்ணுக்குள் இறக்கி, சுற்றிலுமுள்ள புரயிடங்களின் கிணறுகளை நிரப்பியது அதுவே. ஏலா மூடப்பட்ட இடங்களில் மாசி, பங்குனியில் கிணறு வற்றுகிறது. குடிநீர் லாரி வருகிறது. வீட்டுக்கு வீடு கிணறு என்ற ஏற்பாட்டின் மேல் எழுந்த குடியிருப்பு அமைப்பே இதனால் ஆட்டம் காண்கிறது.

2008-இல் கேரளம் நெல் வயல்களையும் நீர்நிலங்களையும் காக்கும் சட்டத்தை இயற்றியது. ஒவ்வொரு ஊராட்சியிலும் வயல்களின் தரவுப் பட்டியல் ஒன்று தயாரிக்க வேண்டும் என்பது அதன் உயிர்நாடி. பட்டியலில் ஏறாத பழைய வயல்களைக் கட்டணம் செலுத்தி மாற்றிக்கொள்ள 2018-ஆம் ஆண்டுத் திருத்தம் இடமளித்தது. அது முதல் விண்ணப்பங்கள் கோட்ட அலுவலகங்களில் மலைபோல் குவிந்தன. விண்ணப்பதாரரில் பலர் மூன்று சென்டு இடத்தில் வீடு கட்ட விரும்பும் எளியவர்கள், சிலர் அவ்வாறல்லர். ஊர் அலுவலர் நேரில் சென்று பார்த்து, அந்த இடம் நிலமா புரயிடமா என்று ஒரு வரி எழுத வேண்டும். சர்வே எண்ணின் பழைய பதிவு ‘நிலம்’ என்று சொல்லும். கண் முன்னே வாழை நிற்கும். காலுக்குக் கீழே மண் ஈரமாயிருக்கும். பக்கத்துப் புரயிடத்துக் கிணற்றில் எத்தனை முழம் நீர் நிற்கிறது என்று எட்டிப் பார்க்கும்படி எந்தப் படிவமும் அவரைக் கேட்பதில்லை.